பால் பற்கள் எத்தனை?

மரியாதைக்குரிய அத்தான் அவர்கள் சமூகத்துக்கு,

தையற்கடை மைத்துனன் எழுதிக்கொள்வது. நலம் என்று தொடங்கத்தான் ஆசை, கை கூசுகிறது. அக்கா இதைப் படிக்கலாம். அங்கே வந்திருக்கும் என் மகள் கண்ணில் மட்டும் பட வேண்டாம்.

வானொலியில் ஞாயிறுதோறும் நான்கு பிள்ளைகளை மேடையில் உட்காரவைத்து, நேயர்கள் அனுப்பும் கேள்விகளைக் கேட்கிறார்களே, அதில் நம் சின்னவள் மூன்று வாரமாக வாயே திறக்கவில்லை. பக்கத்தில் வக்கீல் மகன் மணியை அடித்துத் தள்ளுகிறான். எனக்குப் பொறுக்கவில்லை அத்தான். பெற்றவர்கள் கேள்வி அனுப்பக்கூடாது என்பது விதி. அதனால் "பால் பற்கள் மொத்தம் எத்தனை?" என்று எழுதி, பல் டாக்டரான உங்கள் பெயரைப் போட்டு அனுப்பிவிட்டேன். பிறகு ஒரு வாரம் அவளைக் கடைக் கண்ணாடி முன்னால் நிறுத்தி, 'இருபது, இருபது' என்று உருப்போட வைத்தேன். அந்த ஞாயிறு ரேடியோவைக் கடை வாசலுக்குத் தூக்கிவந்து முழுச் சத்தத்தில் வைத்து, தெருவையே கூட்டிவிட்டேன். கேள்வி வந்தது. மணியும் அடித்தாள். "சொல்லும்மா" என்றார் அறிவிப்பாளர்.

"இருபது சார். ஆனா இதை மாமா அனுப்பல. எங்கப்பாதான் மாமா பேரைப் போட்டு அனுப்பினார். மார்க்கை எடுத்துக்குங்க."

அரங்கம் கொல்லென்று சிரித்தது. கால்சட்டைக்கு அளவு கொடுத்துக்கொண்டிருந்த தபால்காரர், இடுப்பில் டேப்போடு திரும்பி என்னைப் பார்த்தார். நான் மேசைக்கடியில் விழாத ஊசியைத் தேடினேன். சாயங்காலம் வீட்டுக்கு வந்தவளிடம், "ஏண்டி இப்படி மானத்தை வாங்கினே?" என்று கத்திவிட்டேன். "நானா வாங்கினேன்?" என்றாள். அவ்வளவுதான், மறுநாளே, இங்கே வந்திருந்த அக்காவோடு கிளம்பி அங்கே வந்துவிட்டாள்.

உங்கள் நல்ல பெயரைக் கெடுத்ததற்கு மன்னியுங்கள். அதைவிட, ஒன்பது வயதுப் பிள்ளைக்கு இருக்கும் யோக்கியம் எனக்கு இல்லாமல் போயிற்றே, அதுதான் வெட்கமாக இருக்கிறது. வீடு வெறிச்சென்று கிடக்கிறது. அப்பா திருந்திவிட்டான், இனி குறுக்கு வழியே கிடையாது என்று சொல்லி அவளை அனுப்பி வையுங்கள்.

அக்காவுக்கு நமஸ்காரம். உங்கள் குடும்பம் ஒரு குறையுமின்றி இருக்கட்டும்.

தலைகுனிந்த மைத்துனன்

பி.கு.: அடுத்த ஞாயிறு அப்பாக்களை மேடையில் உட்காரவைத்துப் பிள்ளைகளின் கேள்விகளைக் கேட்கப்போகிறார்களாம், என்னையும் கூப்பிட்டிருக்கிறார்கள். பக்கத்து நாற்காலி வக்கீலுக்கு. சின்னவள் கிளம்புமுன் கேள்வியை அங்கிருந்துதான் அனுப்புவாள். உறையை ஒட்டுவதற்கு முன் ஒரு கண் பார்த்து, காதும் காதும் வைத்தாற்போல் எனக்கு ஒரு வரி எழுதுங்கள்.