மாப்பிள்ளை சொன்ன ஐந்து நிமிஷம்

சேரப்பணஞ்சேரி,
ஆகஸ்ட் 2014

பெங்களூரில் ஏழாவது மாடியில் குடியிருக்கும் மாப்பிள்ளை ஸ்ரீதர் அவர்களுக்கு, சேரப்பணஞ்சேரியில் தரையிலேயே குடியிருக்கும் மாமனார் கோதண்டம் எழுதிக்கொண்டது. இங்கு நானும் உங்கள் அத்தை சொர்ணம்மாளும் நலம். அங்கு நீங்களும் ஜோதியும் நலமா என்று கேட்டு எழுதுவதுதான் மரியாதை. ஆனால் போன வாரம் நீங்கள் இருவரும் பெரிய ஓட்டலில் பீட்சா சாப்பிட்ட படத்தைப் பக்கத்து வீட்டுப் பாபு தன் செல்போனில் காட்டிவிட்டான். ஆகையால் நலம் என்று நானே தெரிந்துகொண்டேன்.

இந்தக் காலத்தில் கடிதமா என்று நீங்கள் சிரிப்பீர்கள். என்ன செய்வது மாப்பிள்ளை, உங்களுக்குப் போன் செய்தால் மீட்டிங்கில் இருப்பதாக இங்கிலீஷில் மெசேஜ் வருகிறது. காலையில் செய்தாலும் மீட்டிங், மத்தியானம் செய்தாலும் மீட்டிங். நாட்டை ஆளுகிறவர்கள்கூட இவ்வளவு மீட்டிங் போடுவார்களா என்று தெரியவில்லை. ஜோதியிடம் சொல்லலாம். சொன்னால் அவள் உங்களைப் பிடித்துக் கத்துவாள். கல்யாணமாகி ஆறு மாதத்தில் அப்பனுக்காகப் புருஷனோடு சண்டை போட்டாள் என்ற பெயர் என் மகளுக்கு வேண்டாம். அதனால்தான் இதை உங்கள் கம்பெனி முகவரிக்கு அனுப்புகிறேன். வாசலில் செக்யூரிட்டி ‘லெட்டர்’ என்று எதையாவது நீட்டினால் பயப்படாமல் வாங்கிக்கொள்ளுங்கள். கடிக்காது.

விஷயத்துக்கு வருகிறேன். நான் ஒரகடத்தில் ஒரு பார்ட்ஸ் கம்பெனிக்குப் பெண்பிள்ளைகளை ஷிப்டுக்கு ஏற்றி இறக்கும் வேன் ஓட்டுகிறேன். பெண் பார்க்க வந்தபோது ‘மாமா டிராவல்ஸ் லைன்ல இருக்காரு’ என்று உங்கள் வீட்டில் கௌரவமாகச் சொல்லிக்கொண்டீர்களே, அது இதுதான். சித்திரை மாதம் நீங்கள் விருந்துக்கு வந்திருந்தபோது, லைசன்ஸ் தேதி முடியப்போகிறது, ஒருநாள் லீவு போட்டு ஆர்.டி.ஓ. ஆபீசுக்கு நேரில் போய்ப் புதுப்பித்துக்கொண்டு வருகிறேன் என்று உங்கள் அத்தையிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். உங்களிடம் சொல்லவில்லை. நீங்கள்தான் கறிச்சோற்றை அப்படியே வைத்துவிட்டு, “இன்னா மாமா, எந்தக் காலத்துல கீறீங்க? நேர்ல போய் லைன்ல நிக்கறதெல்லாம் அந்தக் காலம். ஆன்லைன்ல அஞ்சு நிமிஷ வேலை” என்றீர்கள். பெங்களூர் போயும் பேச்சு மாறாமல் நம் ஊர்ப் பிள்ளையாகவே இருக்கிறாரே என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. அந்தப் பெருமையை இப்போது திரும்ப வாங்கிக்கொள்கிறேன்.

உடனே லேப்டாப்பைத் திறந்தீர்கள். வீட்டுக்குள் சிக்னல் இல்லை என்று திண்ணைக்குப் போனீர்கள், திண்ணையில் இல்லை என்று மாட்டுக்கொட்டகைக்குப் போனீர்கள், அங்கும் இல்லை என்று மாடியில் ஏறித் தண்ணீர் டேங்க் மேல் உட்கார்ந்தீர்கள். தெருவே வேடிக்கை பார்த்தது. ‘கோதண்டம் மாப்பிள்ளைக்கு இன்னா கோபம், டேங்க் மேல ஏறிக்கினாரு?’ என்று ஆளாளுக்கு விசாரிக்க, உங்கள் அத்தை பதில் சொல்லி மாளவில்லை. பொழுது சாய இறங்கி வந்து, “முக்காவாசி முடிஞ்சிருச்சு மாமா, போட்டோ மட்டும் ஏத்தணும், எந்தப் பிரவுசிங் சென்டர்லயும் ஏத்திக்கலாம்” என்று விண்ணப்ப நம்பரை எழுதிக் கொடுத்துவிட்டுப் பெங்களூர் பஸ் ஏறினீர்கள். போட்டோ மட்டும்தானே என்று நானும் நம்பினேன்.

படப்பையில் பூமாரி என்று ஒரு பெண் பிரவுசிங் சென்டர் வைத்திருக்கிறாள். திருநெல்வேலிப் பக்கம். ஒரகடத்தில் வேலைக்கு வந்த புருஷனோடு வந்தவள், நல்ல பிள்ளை. என் போட்டோவைப் பார்த்துவிட்டு, “அண்ணாச்சி, இது ரொம்பப் பெருசா இருக்கு. சின்னதாக்கணும்” என்றாள். நான் மறுபடி ஸ்டுடியோவுக்குப் போய், கொஞ்சம் சின்னதாகத் தெரிகிற மாதிரி எடு என்றேன். அந்த ஆள் என்னைச் சுவரோடு ஒட்டி நிற்கவைத்து, தான் பின்னாலேயே போய்த் தெருவில் நின்று எடுத்தான். அதை எடுத்துக்கொண்டு போனால் பூமாரி சிரித்த சிரிப்பில் கடையே அதிர்ந்தது. “அண்ணாச்சி, ஆள் பெருசுன்னு சொல்லல. ஃபைல் பெருசு” என்றாள். இதை முதலிலேயே சொல்லக்கூடாதா? பிறகு அந்தக் கம்ப்யூட்டருக்கு என் மேல் சந்தேகம் வந்துவிட்டது. நான் மனுஷன்தானா என்று கேட்டு, மழையில் நனைந்து நெளிந்த மாதிரி சில எழுத்துகளைக் காட்டிப் படிக்கச் சொன்னது. முப்பது வருஷமாக வேன் ஓட்டுகிறேன், மனுஷனா என்று ஒரு போலீஸ்காரர்கூடக் கேட்டதில்லை. எழுத்தைக் கண்டுபிடித்து முடித்தால் நேரம் முடிந்துவிட்டது என்றது. மறுபடி முதலிலிருந்து போனோம். “வெரசாச் சொல்லுங்க அண்ணாச்சி, ஆனா தப்பில்லாமச் சொல்லுங்க” என்று பூமாரி அவசரப்படுத்த, நான் என் அப்பா பெயரையே ஒரு நிமிஷம் மறந்துபோனேன். நினைவு வந்தபோது கரண்ட் போய்விட்டது. இப்படியாக உங்கள் ஐந்து நிமிஷம் வைகாசி மாதம் முழுக்க ஓடியது. கடைசியில் போட்டோ ஏறியது. முகவரி சரியா என்று கேட்டதற்கு, “அதெல்லாம் ஒங்க மருமவன் அப்பமே போட்டுட்டாரு, இனி தொட முடியாது, பூட்டிட்டான்” என்றாள். படித்த மாப்பிள்ளை போட்டது, நான் எதற்குச் சரிபார்க்க வேண்டும் என்று விட்டுவிட்டேன்.

ஆன்லைனில் முடிந்ததும் கம்ப்யூட்டர் சொன்ன செய்தி என்ன தெரியுமா மாப்பிள்ளை? இன்ன தேதியில் ஆபீசுக்கு நேரில் வரவும்!

சரி என்று லீவு போட்டுவிட்டுப் போனேன். அங்கே இரண்டு வரிசை. ஒன்று, என்னைப் போலப் பழைய காலத்தில் இருந்தவர்கள், நேராக வந்து பாரம் எழுதிக் கொடுக்கிற வரிசை. இன்னொன்று, உங்களைப் போன்ற மாப்பிள்ளைகள் வாய்த்தவர்களுக்கான ஆன்லைன் வரிசை. முதல் வரிசை மடமடவென்று நகர்ந்தது. எனக்குப் பின்னால் வந்த ஒருவர் பாரம் கொடுத்து, போட்டோ எடுத்து, வெளியே போய் வடை தின்றுவிட்டு, மீதி வடையோடு திரும்பி வந்து, “இன்னும் இங்கதான் நிக்கிறியா?” என்று விசாரித்துவிட்டுப் போனார். ஆன்லைன் வரிசைக்கு உரிய கிளார்க் வரவில்லை. ஆன்லைன் பயிற்சிக்குப் போயிருக்கிறாராம். உணவு இடைவேளைக்கு அப்புறம் வேறொருவர் வந்து உட்கார்ந்து, “பிரிண்ட் அவுட் எங்கப்பா?” என்றார். ஆன்லைனில் போட்டிருக்கிறேன் சார் என்றேன். “ஆன்லைன்ல போட்டா? பிரிண்ட் அவுட் எடுத்து, அதை ரெண்டு ஜெராக்ஸ் போட்டு, நேர்ல கொண்டாந்து குடு” என்றார். கொடுத்தேன். பிறகு ஒரு நாற்காலியில் உட்காரவைத்து கேமராவால் என்னைப் போட்டோ எடுத்தார். அப்படியென்றால் நான் ஏற்றிய போட்டோ என்று கேட்டேன். “அது ஆன்லைனுக்கு. இது ஆபீசுக்கு” என்றார். லைசன்ஸ் தபாலில் வரும் என்று அனுப்பிவிட்டார்கள்.

தபால்காரரை நான் அப்படி எதிர்பார்த்தது வாழ்க்கையிலேயே கிடையாது. ஆனி போனது. ஆடி வந்தது. லைசன்ஸ் வரவில்லை, ஆனால் பழைய லைசன்ஸின் தேதி சரியாக வந்து முடிந்தது. மறுநாள் காலையில் வேன் காண்டிராக்ட் சூப்பர்வைசர் ராஜாமணி கை நீட்டினார். “கோதண்டம், சாவியக் குடு. ஆன்லைன்ல கீது, தபால்ல கீதுன்னு சொல்லிக்கினு இருந்தா கம்பெனி கேட்டுக்குமா? கேட்ல டெய்லி செக் பண்றான். கார்டு கையில வரட்டும், வண்டி உன்னுதுதான்” என்றார். அவரைச் சொல்லிக் குற்றமில்லை. சாவியை அவர் கையில் வைக்கும்போது எனக்கு என்னவோ போல இருந்தது மாப்பிள்ளை. இதில் கிண்டல் ஒன்றும் இல்லை.

என் வண்டிக்கு ஐயனார் என்று ஒரு புது டிரைவரைப் போட்டார். பாவம், ஊருக்குப் புதுசு. லைசன்ஸ் பளபளவென்று வைத்திருந்தான், வழிதான் தெரியவில்லை. முதல் நாளே ஒரகடம் கூட்டு ரோட்டில் தப்பாகத் திரும்பி, ஸ்ரீபெரும்புதூரையும் தாண்டி, மண்ணூர் வரைக்கும் பிள்ளைகளைச் சுற்றிக் காட்டியிருக்கிறான். வண்டி நிறையப் பெண்கள் ஷிப்டுக்கு வராமல் கம்பெனியில் ஒரு லைனே நின்றுவிட்டது. மறுநாள் பிள்ளைகள் வண்டியில் ஏறவில்லை. படப்பை ஹாஸ்டல் வாசலில் அப்படியே நின்றுவிட்டார்கள். அவர்களில் முத்துச்செல்வி என்று ஒரு தூத்துக்குடிப் பெண், வாய் கொஞ்சம் ஜாஸ்தி. ராஜாமணியிடமே, “கோதண்டண்ணன் வந்தா ஏறுதோம். இல்லன்னா எங்களுக்கு லீவு போட்டுக்கிடுங்க” என்று சொல்லிவிட்டாள். ராஜாமணி தலையில் கை வைத்துக்கொண்டு என் வீட்டுக்கே வந்தார். கடைசியில் ஒரு ஏற்பாடு: ஐயனார் ஓட்ட வேண்டும், நான் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து லெஃப்ட், ரைட் சொல்ல வேண்டும். என் வண்டியில் நானே பயணி. சேரப்பணஞ்சேரி டீக்கடையில், “இன்னா கோதண்டம், பிரமோஷனா? தனி டிரைவர் வெச்சிக்கினே போல” என்று கேட்கிறார்கள். மாப்பிள்ளை புண்ணியம் என்று சொல்லிவைத்திருக்கிறேன்.

ஒருநாள் விடிகாலை ஷிப்டுக்குப் போகும்போது திரும்பிப் பார்த்தேன். பிள்ளைகள் எல்லாம் ஒருவர்மேல் ஒருவர் சாய்ந்து தூங்கிக்கொண்டிருந்தார்கள். முத்துச்செல்வி மட்டும் அரைக்கண் திறந்து, “இவரு தனியா ஓட்டுன அன்னைக்கு ஒருத்தியும் கண்ண மூடல அண்ணே. நீங்க ஓட்டாட்டியும் முன்னால இருந்தா போதும், நாங்க தூங்கிக்கிடுவோம்” என்றாள். நான் திரும்பி ரோட்டைப் பார்த்துக்கொண்டேன். ரோட்டில் ஒன்றும் இல்லை. ஆனாலும் ரொம்ப நேரம் பார்த்தேன்.

அன்றைக்கே முடிவெடுத்து மறுபடி ஆபீசுக்குப் போனேன். இந்த முறை ஆன்லைனும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை, நேராகக் கவுண்டர். அதே கிளார்க். என் நம்பரைத் தட்டிப் பார்த்துவிட்டு, “உன்னுது எப்பவோ போயிட்ச்சேப்பா” என்றார். எங்கே சார் போச்சு என்றேன். “பெங்களூர்.” எனக்குக் காது சரியாகக் கேட்கவில்லை என்று நினைத்தேன். அவர் திரையை என் பக்கம் திருப்பிக் காட்டினார். தபால் அனுப்ப வேண்டிய முகவரி என்ற இடத்தில் உங்கள் ஏழாவது மாடி, பிளாட் நம்பர், பின்கோடு எல்லாம் அழகாக உட்கார்ந்திருக்கிறது. “சில பேர் லேப்டாப்புல அதுவே ஃபில் பண்ணிக்கும். பார்க்கணும்ல?” என்றார். யார் பார்த்திருக்க வேண்டும் என்று அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. வீட்டுப் பெயரை வெளியில் கெடுக்கிற பழக்கம் எனக்கு இல்லை.

ஆகவே மாப்பிள்ளை, தங்கள் மேலான கவனத்துக்கு: சேரப்பணஞ்சேரி கோதண்டத்தின் லைசன்ஸ் தங்கள் மாளிகையில் எங்கேயோ இருக்கிறது. மீட்டிங்குகளுக்கு நடுவில் ஒரு ஐந்து நிமிஷம் ஒதுக்கி, லிஃப்டில் கீழே இறங்கி, வாட்ச்மேன் அறையில் கேட்டுப் பார்க்கவும். வாட்ச்மேனை நேரில் பார்க்க வேண்டியிருக்கும், மன்னிக்கவும். கிடைத்தால் அனுப்பி வைக்கவும். இனிமேல் என் சாப்பாடு, தூக்கம் எதுவாக இருந்தாலும் நேரில்தான். ஆன்லைன் என்ற வார்த்தை இந்த வீட்டு வாசற்படி தாண்டி வரக்கூடாது என்று உங்கள் அத்தையிடமும் சொல்லிவிட்டேன்.

நீங்களும் என் மகளும் கரண்ட் போகாத வீட்டில், சிக்னல் குறையாத வாழ்க்கை வாழ்ந்து, மீட்டிங் இல்லாத ஒரு ஞாயிற்றுக்கிழமையாவது கண்டு மகிழ, எங்கள் ஊர் அம்மனை வேண்டிக்கொள்கிறேன். சம்பந்தி வீட்டாருக்கு என் வணக்கம்.

இப்படிக்கு,
ஓட்டத் தெரிந்தும் ஓட்ட முடியாத மாமனார்,
கோதண்டம்

பி.கு.: கவரை ஒட்டி, தபால்தலையும் ஒட்டி, போஸ்ட் செய்யக் கிளம்பும் நேரத்தில் உங்கள் போன் வந்ததால் கவரைப் பிரித்து இதை எழுதுகிறேன். “மாமா, ஸ்ரீபெரும்புதூர் பஸ் ஸ்டாண்ட்ல இறங்கிட்டேன். உங்க லைசன்ஸ் வாட்ச்மேன்கிட்ட கெடந்துச்சு, நேத்துதான் பார்த்தேன். கவர் மேல இருந்த தேதியப் பார்த்ததும் பகீர்னு ஆயிடுச்சு மாமா. ஆன்லைன்ல கொரியர் புக் பண்ணலாம்னு பார்த்தா பேஜே தொறக்கல. எங்கனா தொலைஞ்சிட்டா இன்னா பண்றதுன்னு மீட்டிங்க உட்டுட்டு நேர்லயே எடுத்துக்கினு வந்துட்டேன்” என்றீர்கள். ‘அப்படியா’ என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டேன், தப்பாக நினைக்க வேண்டாம். உங்கள் அத்தை கோழிக்கு ஆள் அனுப்பிவிட்டாள். ஐயனார் வேனை வாசலில் நிறுத்திக்கொண்டு ஹாரன் அடிக்கிறான். உங்களை அழைத்துவரப் போகும்போது அவன் ஓட்டுவான், வரும்போது நான் ஓட்டுவேன். மேலே எழுதியதில் ஆசீர்வாதம் மட்டும் நிஜம், மற்றதெல்லாம் கோப வேகத்தில் எழுதியது. தபால்தலை ஒட்டியதை வீணாக்க மனசு வரவில்லை, போகிற வழியில் பெட்டியில் போட்டுவிடுகிறேன். நீங்கள் திரும்பிப் போவதற்குள் இது கம்பெனிக்கு வந்திருக்கும். தயவுசெய்து படிக்காமல் கிழித்துப் போட்டுவிடவும். இதை முதல் வரியிலேயே எழுதியிருக்க வேண்டும்தான், மாப்பிள்ளை. அங்கே இடம் இல்லை.