தாம்பரத்து வெயிலில் ஒரு ஃபூஷியா

வாடித் தலை தொங்கி நிற்கும் செடிக்குத் தண்ணீர் போதவில்லையா, இல்லை அதிகமாகிவிட்டதா? இரண்டுக்கும் அது ஒரே முகத்தைத்தான் காட்டுகிறது. நான் தாவரவியல் பட்டதாரி (முதல் வகுப்பு வேறு). இன்றுவரை எனக்குப் பதில் தெரியாது. கைக்குழந்தை விஷயத்திலும் இதே கதைதான். பசியில் அழுகிறதா, பால் அதிகமாகி அழுகிறதா என்று யோசித்து முடிப்பதற்குள் அது தூங்கிவிடும்.

என் மகன் ஜோயலுக்கு ஐந்து மாதமானபோது, குன்னூரிலிருந்து அவனைப் பார்க்க என் மாமியார் வந்தார். கையோடு இரண்டு பொருள்கள். ஒன்று, அவரே பின்னிய சிவப்புக் கம்பளிக் குல்லா, உச்சியில் ஒரு பந்தோடு. இன்னொன்று, தொட்டியில் ஒரு ஃபூஷியாச் செடி. சிவப்பும் ஊதாவுமாக ஜிமிக்கி போலத் தலைகீழாகத் தொங்கும் பூ.

"பாத்துக்கோ ஷீபா" என்றார். அவ்வளவுதான். மலையில் வளர்ந்ததைத் தாம்பரத்தில் வளர்த்துக் காட்டு, உனக்குப் பிள்ளை வளர்க்கத் தெரியுமா என்று அதை வைத்தே தெரிந்துகொள்கிறேன் என்று அவர் சொல்லாததையெல்லாம் நானே கேட்டுக்கொண்டேன். அடுத்து அவர் வருவது ஜோயலின் முதல் பிறந்தநாளுக்கு. அதுவும் மே மாதத்தில். அதற்குள் செடி செத்தால், நான் தாயாகத் தோற்றேன்.

பிப்ரவரி வரை ஒரு குறையுமில்லை, பூக்கக்கூடச் செய்தது. மார்ச்சில் முதல் இலை உதிர்ந்தது. பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு பிரவுசிங் சென்டருக்கு ஓடினேன். 'உறுதியான ரகம், எதையும் தாங்கும்' என்று ஓரிடத்தில் போட்டிருந்தது. பிரிண்ட் எடுத்து வந்து என் கணவர் எட்வினிடம் பெருமையாக நீட்டினேன்.

அவர் முழுவதும் படித்தார். "எந்த உறைபனியையும் தாங்கும்னு போட்டிருக்கு ஷீபா. கிழக்குத் தாம்பரத்துல கடைசியா எப்போ உறைபனி பெஞ்சுது?"

அன்றிலிருந்து ஜோயல் பால் குடித்த நேரத்தை எழுதும் நோட்டின் எதிர்ப்பக்கத்தில் செடிக்குத் தண்ணீர் விட்ட நேரத்தையும் எழுதினேன். பால்கனியில் ஈரக்கோணி கட்டினேன். புழுக்கத்தில் கோணியில் காளான் முளைத்தது. செடியில் ஒன்றும் முளைக்கவில்லை.

வாசலுக்கு மீன் கொண்டுவரும் அஞ்சலை அக்கா ஒருநாள் கூடையை இறக்கிவைத்துவிட்டு வேடிக்கை பார்த்தார். "இன்னாம்மா, ஒரு நாளைக்கு நாலு வாட்டி குளிப்பாட்டிகினு கீற? அதுக்கு ஜன்னி வந்துடப் போவுது."

"வெயில் தாங்கலக்கா."

"அவ்ளோதானா?" என்றவர், மீனுக்கு அடியில் கிடந்த ஐஸை ஒரு கை அள்ளித் தொட்டியில் போட்டார். நான் தடுக்கவில்லை (முதல் வகுப்பு என்று சொன்னேன் அல்லவா?). மறுநாள் காலை மூன்று பூனைகள் தொட்டியைச் சுற்றிக் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தன, ஜெபக்கூட்டம் மாதிரி.

அடுத்த யோசனைக்கு முழுப்பொறுப்பும் என்னுடையதுதான். பகல் பன்னிரண்டிலிருந்து நான்கு மணி வரை செடி ஃப்ரிட்ஜில் இருக்கும்! ஒரு தட்டைக் கழற்றி, மாவுப் பாத்திரத்தை வெளியேற்றி, தொட்டியை உள்ளே ஏற்றினேன். உடனே அடுத்த பயம் வந்தது. திடீர்க் குளிர் ஒத்துக்கொள்ளாவிட்டால்? தாம்பரத்தில் அந்தக் கம்பளிக் குல்லாவுக்கு அதுவரை ஒருநாளும் வேலை வந்ததில்லை. அதைச் செடியின் தலையில் மாட்டினேன். கிளைகளைச் சுற்றி ஜோயலின் துண்டைப் போர்த்தினேன். பார்க்க எனக்கே திருப்தியாக இருந்தது.

பிறந்தநாளுக்கு முந்தின நாள். சாயங்காலம் வருவதாகச் சொன்ன அத்தை, தெரிந்தவர்கள் காரில் இடம் கிடைத்ததென்று மத்தியானம் ஒரு மணிக்கே வந்து நின்றார். எட்வின் ஆபீசில். ஜோயல் உள்ளறையில் தூக்கம். பொங்கி வழிந்த மாவை நான் துடைத்துக்கொண்டிருந்தேன்.

"எந்திரிக்காதம்மா, தண்ணி நானே எடுத்துக்கிறேன்" என்று அத்தை ஃப்ரிட்ஜைத் திறந்தார்.

அவர் கையால் பின்னிய குல்லா. கீழே பேரனின் துண்டு. அசைவில்லை.

"ஐயோ ஆண்டவரே! பிள்ளைய உள்ள வச்சிருக்காளே!"

அந்த அலறலில் உள்ளறையில் ஜோயல் விழித்து வீறிட்டான். அத்தை அங்கேயும் இங்கேயும் பார்த்துவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். நான் மாவுக் கையோடு நோட்டை எடுத்துவந்து, தேதிவாரியாக விளக்கத் தொடங்கினேன். மூன்றாம் பக்கத்தில் அழுதுவிட்டேன்.

அத்தையும் அழுதார். சிரித்துச் சிரித்து வந்த அழுகை. "இதுக்கா இவ்ளோ? எங்க வீட்டுச் சாக்கடை ஓரத்துல தானா மண்டிக் கிடக்குது ஷீபா. வெட்டி வெட்டிப் போட்டும் சாக மாட்டேங்குது. அன்னைக்குப் பையில இடம் இருந்துச்சு, தூக்கிட்டு வந்தேன்." பிறகு ஜோயலைத் தூக்கித் தோளில் போட்டு எடைபார்ப்பதுபோல் குலுக்கினார். "பிள்ளை கனமா இருக்கான். அந்த நோட்ட தூக்கிப் போடு."

அந்தச் செடி பிழைக்கவில்லை. ஆனால் ஒவ்வொரு நவம்பரிலும் குன்னூரிலிருந்து ஈரத்துணியில் சுற்றிய ஒரு புதுக்குச்சி வருகிறது. போனில் அத்தையின் முதல் கேள்வி இன்றும் அதுதான்: "பிள்ளை வெளிய இருக்கானா, உள்ள இருக்கானா?" போன மாதம் ஜோயலின் இரண்டாம் வகுப்பு டீச்சர் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். "மேடம், சின்ன வயசுல எங்கம்மா என்னை ஃப்ரிட்ஜுலதான் வளர்த்தாங்கன்னு கிளாஸ் முழுக்கச் சொல்லிட்டு இருக்கான். வீட்ல எல்லாம் ஓகேதானே?"

இப்போது பால்கனியின் வடக்கு மூலையில், பெரிய மண்தொட்டிக்குள் ஈரமணல் நிரப்பி, அதற்குள் சின்னத் தொட்டியில் இந்த வருடத்துக் குச்சி நிற்கிறது. நன்றாகவே நிற்கிறது. மே மாதம் வர இன்னும் மூன்று மாதம் இருக்கிறது. தாம்பரம், வண்டலூர் பக்கம் யாராவது ஃபூஷியாவை அந்த மாதத்தைத் தாண்டி உயிரோடு கொண்டுவந்திருந்தால், எப்படி என்று தயவுசெய்து எழுதுங்கள். இப்போதைக்கு அதில் மொட்டு ஐந்து என்கிறேன் நான். ஆறு என்கிறான் ஜோயல். அவன் ஆறாவதாக எண்ணுகிற, நுனியில் சிவப்பாகச் சுருண்டிருப்பது மொட்டுதானா, இளந்தளிரா? அதையும் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். அவன் ஏற்கெனவே பாட்டிக்குப் போன் போட்டு ஆறு என்று சொல்லிவிட்டான்.