பழைய மேப்பில் மாமனார்

ஊருக்கு உபதேசம் செய்கிறவன் முதுகில் நாலு போடு போட வேண்டும். முதல் முதுகு என்னுடையது.

என் வேலை, விமானிகளுக்கான வரைபடங்களைப் புதுப்பிப்பது. எங்காவது புதிதாக ஒரு டவர் முளைத்தால், ஒரு ஓடுபாதையை மூடினால், அடுத்த பதிப்பில் அது வந்தாக வேண்டும். பழைய வரைபடத்தோடு பறப்பவன் கொலைகாரன் என்று டீக்கடையில்கூடக் கத்தியிருக்கிறேன். (யாரும் கேட்கவில்லை.)

நன்னிலம் பக்கம் எங்கள் ஊர். வந்த வரன்களெல்லாம் தட்டிப்போய், கடைசியாகத் திருத்துறைப்பூண்டியிலிருந்து பெண்ணின் அப்பா எங்கள் வீடு பார்க்க வந்தார். இதுவும் போனால் இனிப் பெண் தேட மாட்டேன் என்று அம்மா சொல்லிவிட்டாள். அன்றைக்கென்று பார்த்து, அக்கா புருஷன் எங்கள் வயலுக்கு மீன் அமிலம் தெளிக்க வாடகை டிரோனோடு நின்றார். மீன் கழிவையும் வெல்லத்தையும் ஊறப்போட்ட உரம் அது. பயிருக்கு நல்லது. மூக்குக்கு இல்லை.

வந்தவருக்கு என் பவிசைக் காட்ட, ரிமோட்டைப் பிடுங்கினேன்.

"மாப்ள, அதுல இருக்கறது போன சம்பாவுல எடுத்த மேப்பு. அதப் பாத்துதான் அது தானா பறந்து தெளிக்கும். வயல் வரப்ப ஒருதடவ சுத்தி நடந்து புதுசா எடுத்துக்க."

"எனக்கேவா அத்தான்? உலகத்துக்கே மேப் போடுறவன் நான்! நம்ம வயல் எங்க ஓடிடப் போவுது?"

வயல் ஓடவில்லை. கோடையில் அப்பா அதன் ஒரு மூலையில் மண்ணடித்து மேடாக்கி, வாசலோடு சேர்த்திருந்தார். அது எனக்குத் தெரியும். மேப்புக்குத் தெரியாது. அந்த மூலையில்தான் நாற்காலி போட்டு, வெள்ளை வேட்டியில் பெண்ணின் அப்பா காபி குடித்துக்கொண்டிருந்தார்.

டிரோன் வரிசை பிசகாமல் போனது. பயிர் முடிந்தும் போனது. அவர் தலைக்கு மேல் நிதானமாகத் தெளித்தது. அடுத்த வரிசைக்குத் திரும்பி வந்து மறுபடி தெளித்தது. நிறுத்துகிற பொத்தான் எது என்றே எனக்கு மறந்துவிட்டது.

"நிறுத்துடா பாவி!" அம்மா அலறினாள்.

அத்தான் ரிமோட்டைப் பிடுங்கி நிறுத்தினார். பெண்ணின் அப்பா டம்ளருக்குள் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"ஏன் தம்பி, பிளேனுக்கும் நீங்கதான் மேப் போடுறீங்களா?"

கேட்டுவிட்டு, கார் கண்ணாடி அத்தனையும் இறக்கிவிட்டுக்கொண்டு போய்விட்டார்.

மறுநாள் பெண்ணே போன் செய்தாள். "அப்பா வேணவே வேணாங்கறாரு. நான்தான் சரின்னுட்டேன். இதுக்கு மேல நீங்க என்ன அசிங்கம் பண்ணிடப் போறீங்க?"

கல்யாணமாகி, பிள்ளையும் பிறந்தாயிற்று. மாமனார் இன்றும் பொழுது சாய்ந்து வந்தால்கூடக் குடையை விரித்துக்கொண்டுதான் எங்கள் வாசலில் கால் வைக்கிறார். நிலைப்படி தாண்டிய பிறகுதான் மடக்குகிறார்.