குருத்தோலை இருந்த பக்கம்

பக்க அடையாளத்துக்கு வைத்திருந்த குருத்தோலைச் சிலுவை கட்டிலுக்கடியில் கிடந்தது. புத்தகம் தலையணைமேல் வாயை மூடிக்கொண்டு கிடந்தது.

“விரிப்பைத் துவைக்க இழுத்தேன், உங்க புஸ்தகம் தொப்புனு விழுந்துட்டு. எடுத்து வெச்சுட்டேன்” என்றாள் அறைத்தோழி ஹிஃப்ஸா.

“இந்த ஓலை எந்தப் பக்கத்துல இருந்துச்சு?”

“புஸ்தகத்துக்குள்ளதான் இருந்துச்சு.”

ஜெயமணி புத்தகத்தைக் கையில் எடுத்தாள். இயேசுவின் மலைப்பிரசங்கத்துக்கு யாழ்ப்பாணத்து இறையியல் பேராசிரியர் ஒருவர் எழுதிய விளக்கவுரை அது. வேதத்தில் மூன்றே அதிகாரம். அவருக்கு எழுநூறு பக்கம். கடைகளில் இப்போது கிடைப்பதில்லை. குவைத்தின் அப்பாசியா பகுதியில் அரியரத்தினம் அங்கிள் வீட்டில் வெள்ளிக்கிழமைதோறும் கூடி, இருக்கிற ஒரே பிரதியை வாசித்து வருகிறார்கள். வாரம் ஒருவர் வீட்டுக்கு எடுத்துப் போய், தயாராகி வந்து, மற்றவர்களுக்கு வாசித்துக் காட்ட வேண்டும். சேர்ந்து ஒரு மாதம்கூட ஆகாதவளை நம்பி இந்த வாரம் அங்கிள் கொடுத்து அனுப்பியிருந்தார்.

விழுந்துவிட்டது என்று சொன்னால் யாரும் அடிக்கப்போவதில்லை. அது அவளுக்கும் தெரியும். ஆனால் கிளினிக்கில் டோக்கன் எண்ணைக் கூப்பிடுவது அவள் வேலை. நாளெல்லாம் எண்களைக் கூப்பிட்டுவிட்டு அறைக்கு வந்தால், அங்கே அவள் ‘நடுக்கட்டில்’. வெள்ளிக்கிழமை கதவைத் திறந்து “வாங்கோ ஜெயமணி” என்று அங்கிள் சொல்லும்போதுதான் தனக்கொரு பெயர் இருப்பது நினைவுக்கு வரும். முதல் தடவை கேட்டபோது கண் கலங்கி, ஏசிக் காற்றின்மேல் பழி போட்டாள். அந்தக் கதவு இனி கொஞ்சம் குறைவாகத் திறந்தால்?

புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தாள். இதுவரை மூலையில் உட்கார்ந்து கேட்டதோடு சரி, எந்தப் பக்கம் என்று பார்த்ததில்லை. போன வாரம் தாழ்மையைப் பற்றி வாசித்தது ஞாபகம் இருந்தது. பேராசிரியரோ எல்லாப் பக்கத்திலும் தாழ்மையைப் பற்றித்தான் எழுதியிருந்தார். நாலு வருஷமாக வாசிக்கிறார்கள் என்று கேள்விப்பட்டிருந்தாள். நாலு வருஷத்தில் முக்கால்வாசியாவது தாண்டியிருக்க மாட்டார்களா? ஐந்நூற்று முப்பதாம் பக்கத்தில் ஓலையைச் செருகினாள்.

வெள்ளிக்கிழமை வழக்கம்போல நால்வர் கூடினார்கள். அரியரத்தினம், மனைவி இறந்த பிறகு தனியாக இருப்பவர். குமுதினி, ஒரு குவைத்தி வீட்டில் பிள்ளை பார்ப்பவள். அருள்முருகன், அவளை வேனில் கூட்டி வருகிற சிவகங்கைக்காரன். சர்ச்சுக்கும் அவனுக்கும் சம்பந்தமில்லை. வெயிலில் காத்திருப்பதற்கு இது தேவலை என்று உள்ளே வந்தவன், இப்போது சந்தேகம் கேட்பதில் அவனை மிஞ்ச ஆளில்லை. ஒரு பத்தி முடிவதற்குள் “ஐயா, போன வாரம் சொன்னது மறந்துபோச்சு” என்பான். எல்லோரும் பின்னால் போவார்கள். போய்த் திரும்புவதற்குள் குமுதினி கட்லட் பொரிக்க எழுந்துவிடுவாள்.

ஜெயமணி ஓலை இருந்த இடத்தில் திறந்தாள். கனமான பாதி இடது கைக்குப் போனது.

மூவரும் புத்தகத்தைப் பார்த்தார்கள். பிறகு ஒருவரையொருவர் பார்த்தார்கள். அரியரத்தினம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மறுபடி மாட்டிக்கொண்டார்.

“வாசியுங்கோ” என்றார்.

வாசித்தாள். அருள்முருகன் கையே தூக்கவில்லை. குமுதினி அடுப்படிக்குப் போகவில்லை. நாலு பக்கம் ஓடிவிட்டது. தப்பித்தோம் என்று ஜெயமணி மூச்சு விட்டாள்.

ஆனால் அடுத்த வாரமும் அவர்கள் முகம் தொங்கிக் கிடந்தது. நடுவில் விட்டுப்போனதால் புரியவில்லை போலும். பாவம் என்று தோன்றியது. தன்னால் வந்த குழப்பத்தைத் தானே தீர்ப்பதென்று, புத்தகத்தைத் தானே கேட்டு வாங்கிக்கொண்டாள். கிளினிக்கில் டோக்கன்களுக்கு நடுவே வாசித்து, ஒவ்வொரு பகுதிக்கும் நாலு வரியில் சாரம் சொல்லப் பழகினாள். அதன்பின் சந்தேகத்துக்கு இடமே இல்லை. பக்கங்கள் பறந்தன.

“இப்பிடிப் போனா கெதியில முடிஞ்சிடும்” என்றாள் குமுதினி, கட்லட் தட்டைப் பார்த்துக்கொண்டு.

“ரெண்டு மாசத்துல முடிச்சிரலாம்” என்றாள் ஜெயமணி பெருமையாக.

அருள்முருகன் வேன் சாவியை எடுத்துக்கொண்டு எழுந்தான்.

மனசாட்சி உறுத்தத்தான் செய்தது. ஒருநாள் படியிறங்கும்போது துணிந்து கேட்டாள். “அங்கிள், வேணும்னா முதல்ல இருந்து ஒருக்கா பாப்பமா? யாருக்காவது விளங்கலன்னா...”

“வேண்டாம் ஜெயமணி. எனக்கு விளங்கிட்டுது” என்றார் அவர்.

தன் சாரம் அவ்வளவு தெளிவு என்று எடுத்துக்கொண்டு, அடுத்த வாரம் இரட்டைப் பங்கு தயார் செய்தாள்.

கடைசிப் பக்கம் வந்த வெள்ளிக்கிழமை, குமுதினி கட்லட்டோடு ரோல்ஸும் வட்டிலப்பமும் கொண்டுவந்திருந்தாள். ஒருவரும் தொடவில்லை. அருள்முருகன் இஸ்திரி போட்ட சட்டையில் வந்திருந்தான். ஜெயமணி கடைசி வரியை வாசித்து நிமிர்ந்தாள். இழவு வீட்டுக்குள் கைதட்டப் போனவள்போல் அவளுக்குக் கூச்சமாக இருந்தது.

கைப்பேசி ஒலித்தது. டொரன்டோவிலிருந்து மகன் பிரவீணன். அரியரத்தினம் ஸ்பீக்கரில் போட்டார்.

“அப்பா, முடிஞ்சுதோ?”

“முடிஞ்சுது தம்பி.”

“அப்ப சொன்னபடி பிளேன் ரிக்கற் போடுறன். இனி ஒரு சாட்டும் சொல்லக் கூடாது. எந்தக் கிழமை எண்டு சொல்லுங்கோ.”

அவர் எழுந்து ஜன்னலோரம் போய் நின்றார்.

“அங்கிள் எங்க போறாங்க?” என்றாள் ஜெயமணி மெதுவாக.

“கனடாவுக்கு. ஒரேயடியா” என்றான் அருள்முருகன். “புத்தகம் முடியட்டும், வர்றேன்னு நாலு வருசமா மகன்கிட்ட சொல்லிக்கிட்டே இருந்தாரு. நாங்களும் முடிய விடாமப் பாத்துக்கிட்டோம். எனக்கு என்னக்கா அம்புட்டு சந்தேகம்? ஒவ்வொண்ணையும் வாரம் பூரா வண்டி ஓட்டிக்கிட்டே யோசிச்சுக் கொண்டாருவேன்.”

“பிறகு நான் வேகமா வாசிச்சப்ப ஏன் யாரும் ஒண்ணும் சொல்லல?”

குமுதினி மூக்கை உறிஞ்சினாள். “ஐயாதான் ஓலையைத் தள்ளி வச்சு உங்களிட்டத் தந்து விட்டவர் எண்டு நினைச்சம். பிள்ளையோட போய் இருக்க ஆசை வந்திட்டுதாக்கும். அதை நாங்கள் எப்பிடி மறிக்கிறது?”

ஜெயமணி ஜன்னல் பக்கம் பார்த்தாள். சொன்னால் இந்த மூன்று பேரும் அவளுக்கு இல்லாமல் போய்விடுவார்கள். சொல்லாவிட்டால் அவர் போய்விடுவார்.

“அங்கிள் வைக்கல” என்றாள். குரல் அவள் நினைத்ததைவிடப் பெரிதாக வந்தது. “ஓலை விழுந்துட்டு. சொல்லப் பயந்து, நான்தான் கண்ட இடத்துல செருகுனேன். எத்தனாம் பக்கத்துல இருந்தீங்க?”

“அறுபத்திரண்டு” என்றார்கள் இருவரும் ஒன்றாக.

ஜன்னலோரத்தில் அரியரத்தினம் திரும்பினார். கையிலிருந்த கைப்பேசியில் பிரவீணன் இன்னும் தேதி கேட்டுக்கொண்டிருந்தான்.

“அப்ப,” என்றார், “என்னைப் போகச் சொல்லி ஒருத்தரும் அதை வைக்கேல்லையோ?”