நீள மேகசினும் இரண்டு மொட்டைகளும்

எனக்குத் துப்பாக்கி எதற்கு என்று அந்த நாளில் யாரும் என்னைக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் திருதிருவென்று முழித்திருப்பேன். சிதம்பரத்தில் காலேஜ் பிள்ளைகளை நம்பி ஜெராக்ஸ் கடை நடத்துகிறவன் நான். என் கடையில் கொள்ளையடிக்க வருகிறவன் டோனர் பொடியைத்தான் அள்ளிக்கொண்டு போக முடியும். ஆனாலும் மாமனாரின் பிஸ்டல் மேல் எனக்கு ஒரு கண்.

மாமா கடலூரில் முந்திரி வியாபாரி. மங்கலம்பேட்டைப் பக்கம் கொட்டை வாங்கப் பணத்தோடு போகவேண்டியிருந்ததால், இளவயதில் லைசென்ஸ் வாங்கி பிஸ்டல் வைத்துக்கொண்டவர். அதை ஒருநாளும் யாருக்கு முன்னாலும் எடுத்ததில்லை. அது அதிகம் போய்வந்த இடம் போலீஸ் ஸ்டேஷன்தான். தேர்தல் அறிவித்தால் லைசென்ஸ்காரர்கள் எல்லாரும் துப்பாக்கியைத் தோட்டாவோடு ஸ்டேஷனில் ஒப்படைத்துவிட வேண்டும். மாமா அன்றைக்குச் சலவை வேட்டி கட்டி, செண்ட் அடித்துக்கொண்டு கிளம்புவார் (கல்யாணத்துக்குக்கூட செண்ட் அடிக்காத மனுஷர்). ஸ்டேஷனில் அவருக்கு டீ வரும். அந்த டீயைப் பற்றி வீட்டில் ஒரு வாரம் பேசுவார்.

2011 சட்டமன்றத் தேர்தல் நெருங்கிக்கொண்டிருந்தது. வயதாகிவிட்டதால் லைசென்ஸை வாரிசு பெயருக்கு மாற்றலாம் என்று யாரோ மாமாவிடம் சொல்லியிருந்தார்கள். ஒரே மகள் சுமதி, அதாவது என் மனைவி. அவளுக்குத் துப்பாக்கி என்றாலே ஆகாது. மிச்சம் இருந்த வாரிசு நான்தான்.

"மொதல்ல சுட வருதான்னு பாப்போம் மாப்ள. அப்பறம் பேசிக்கலாம்" என்றார்.

சுடுவது என்ன பெரிய விஷயம், விரலை மடக்கினால் போச்சு என்று நினைத்தேன். என் கவலை வேறு. அந்த பிஸ்டலின் மேகசினில் எட்டுத் தோட்டாதான் பிடிக்கும். எட்டுப் பேரைச் சமாளித்த பிறகு ஒன்பதாவது ஆள் வந்தால்? (யார் அந்த ஒன்பது பேர், ஜெராக்ஸ் கடையில் அவர்களுக்கு என்ன வேலை என்பதையெல்லாம் நான் யோசிக்கவில்லை.) மாமாவின் லைசென்ஸைக் காட்டி, சென்னையில் ஒரு துப்பாக்கிக் கடையில் பதினைந்து பிடிக்கும் நீள மேகசின் ஒன்றை வாங்கிவந்தேன். "கம்பெனி சாமானா?" என்று கேட்டதற்கு, "கம்பெனி மாதிரியே இருக்கும் சார்" என்றார் கடைக்காரர். எனக்கு அது போதுமானதாக இருந்தது. பிஸ்டலில் மாட்டிப் பார்த்தபோது, சட்டைக்குக் கீழே பனியன் இறங்கித் தெரிவது போல அது கைப்பிடிக்குக் கீழே நீட்டிக்கொண்டு நின்றது.

"என்னா மாப்ள இது, வாலு மொளச்சிருக்கு?"

"ஹை கெப்பாசிட்டி மாமா."

மாமா தோட்டாப் பெட்டியைத் திறந்து எண்ணத் தொடங்கினார். தோட்டா விஷயத்தில் அவர் மகா கஞ்சர், அதற்குக் காரணமும் உண்டு. லைசென்ஸ்காரருக்கு வருஷத்துக்கு இத்தனை தோட்டா என்று ஒரு அளவு இருக்கிறது. சுட்ட தோட்டாவின் காலிக் குப்பியைக் காட்டினால்தான் புதிது கிடைக்கும். சுடாத தோட்டா ஒன்று காணாமல் போனால் வாழ்நாள் முழுக்கப் பதில் சொல்லவேண்டியிருக்கும். மருமகனுக்காக, இருந்த தோட்டாக்களில் பெரும்பகுதியை அவர் எடுத்துவைத்தார். பெண்ணைக் கொடுத்தபோதுகூட அவர் முகம் அவ்வளவு வாடவில்லை.

கேப்பர் மலையோரம் செம்மண்ணை வெட்டி ஒரு சுடுதளம் அமைத்திருந்தார்கள். எதிரே மண்மேடு, இந்தப் பக்கம் தகரக் கொட்டகை, ஒரு மேசை, சில பிளாஸ்டிக் நாற்காலிகள். ரைஸ்மில்காரர், தியேட்டர்காரர், ஒரு டாக்டர் என்று ஊர்ப் பெரிய மனிதர்கள் வந்திருந்தார்கள். ரிட்டயர்டு போலீஸ்காரர் ஒருவர்தான் பொறுப்பு. எல்லாரும் அவரை இன்சார்ஜ் என்பார்கள். என் மேகசினைப் பார்க்க எல்லாரும் கூடிவிட்டார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. "இது புது மாடல்" என்று டாக்டருக்கே விளக்கம் கொடுத்தேன்.

பெருவிரல் வலிக்க வலிக்கப் பதினைந்தையும் அடைத்தேன். பிஸ்டலில் மாட்டி, மேல்பாகத்தை இழுத்துவிட்டேன். சடக்கென்று சத்தம் வந்தது. காலை அகட்டி, ஒரு கண்ணை மூடி நின்றேன். விரல் மடங்குவதற்குள் மேகசினின் அடித்தகடு கழன்றுகொண்டது. உள்ளேயிருந்த ஸ்பிரிங் துள்ளி வெளியே வந்தது. பின்னாலேயே தோட்டாக்கள் பொலபொலவென்று கொட்டி, என் செருப்பின் மேல் விழுந்து நாலா பக்கமும் உருண்டன.

ரைஸ்மில்காரருக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது. மாமா சிரிக்கவில்லை. இன்சார்ஜ் எல்லாரையும் நிறுத்தச் சொல்லிவிட்டு, பொறுக்கி எண்ணினார். பதினான்கு.

"ஒண்ணு கொறையுது. எலெக்‌ஷன் நேரம். அது கெடைக்காம ஒருத்தரும் வெளிய போவக் கூடாது."

ஊர்ப் பெரிய மனிதர்கள் எல்லாரும் பேண்டைச் சுருட்டிக்கொண்டு குனிந்தார்கள். சருகைக் கிளறினார்கள். டாக்டர் கர்ச்சீப்பில் மண்ணை அள்ளிச் சலித்தார். ஸ்டேஷனுக்கு ஒரு தோட்டா குறைவாகக் கொண்டுபோனால் இந்த முறை மாமாவுக்கு டீ வராது, கேள்விதான் வரும். எழுபது வயதில் அவரை அங்கே கைகட்டி நிற்கவைத்துவிட்டேனே என்று நினைக்க நினைக்க அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. மேசைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவர், தோள் துண்டை நாற்காலி முதுகில் போட்டுவிட்டு, மூட்டு வலியோடு மண்டிபோட்டுத் தரையைத் தடவத் தொடங்கினார்.

"நீங்க ஏன் மாமா? உக்காருங்க, நான் தேடுறேன்."

"எம் பேர்ல இருக்கற தோட்டா மாப்ள."

நான் பரபரத்துப்போய் "அங்க பாருங்க, இங்க பாருங்க" என்று இடம் காட்டிக்கொண்டிருந்தேன். எதை வைத்துக் காட்டினேன் என்பது எனக்கே உறைக்கவில்லை. இன்சார்ஜ்தான் நிமிர்ந்து பார்த்துவிட்டு, "சார், மொதல்ல கையில இருக்கறத மேசை மேல வைங்க" என்றார்.

"காலிதான் சார், பாருங்க" என்று மேசைப் பக்கம் திரும்பி விரலை மடக்கினேன்.

கொட்டகைத் தகரமே பிய்ந்து விழுந்தது போல் ஒரு சத்தம். காக்கைகள் எழும்பிப் பறந்தன. மேசைக்குக் கீழேயிருந்து, நெற்றியெல்லாம் செம்மண்ணாக, மாமாவின் தலை மெல்ல எழுந்தது.

"கெடச்சிடுச்சி மாப்ள" என்றார்.

அப்படி ஒரு சிரிப்பை நான் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை. தியேட்டர்காரர் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். பயம் விட்டுப்போன சிரிப்பு அது. நானும் சிரித்தேன்.

கடையில் மெஷின் மக்கர் செய்தால், "டிரேயை மட்டும் பாத்தா ஆச்சா தம்பி? உள்ள ஒரு தாள் போயிருக்கும், அத எடு" என்று தினமும் பிள்ளைகளுக்குச் சொல்கிறவன் நான். மேல்பாகத்தை இழுத்துவிட்டபோதே முதல் தோட்டா குழலுக்குள் போய்விட்டது. அத்தனை பேரில் ஒருவருக்கும் அது தோன்றவில்லை, இன்சார்ஜுக்கும்தான். அன்றைக்கு எங்கள் எல்லாருக்கும் போலீஸ் மேல்தான் பயம். துப்பாக்கி மேல் யாருக்கும் பயமில்லை. இதை எத்தனையோ முறை யோசித்துப் பார்த்துவிட்டேன், இன்னும் எனக்கு ஆறவில்லை.

சிரித்துக்கொண்டே திரும்பியபோதுதான் நாற்காலியைப் பார்த்தேன். முதுகுப் பக்கம், நெஞ்சுக்கு நேராக ஒரு ஓட்டை. அதன் மேல் கிடந்த துண்டிலும்.

இன்சார்ஜ் என் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து பிஸ்டலை வாங்கினார். மாமா முட்டியைப் பிடித்துக்கொண்டு எழுந்து வந்து துண்டை எடுத்தார். ஓட்டைக்குள் விரலை விட்டுப் பார்த்தார். பிறகு அது தெரியாதபடி மடித்துத் தோளில் போட்டுக்கொண்டார். இன்சார்ஜ் அந்த நாற்காலியை மற்ற நாற்காலிகளுக்கு அடியில் செருகினார். மற்றவர்கள் இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

நான் காரை எடுத்து மெயின் ரோட்டுக்கு வந்தேன். பிறகு மாமா, "வண்டிய திருவந்திபுரம் உடுங்க" என்றார். கோயிலில் இரண்டு பேருக்கும் மொட்டைக்குச் சீட்டு வாங்கினார். கத்தி பிடித்தவர், "தலய ஆட்டாதீங்க சார்" என்று என்னை இரண்டு தடவை அதட்டினார். நான் ஆட்டவில்லை, அழுதுகொண்டிருந்தேன். பக்கத்து மணையில் மாமா கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

கதவைத் திறந்த சுமதி, சந்தனம் பூசிய இரண்டு மொட்டைகளைப் பார்த்து நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"என்னாப்பா இது கோலம்?"

"உன் ஊட்டுக்காரரு தோட்டாவத் தொலச்சிட்டாரு. கெடச்சா மொட்டன்னு வேண்டிக்கினேன். தொலச்சவருக்கும் சேத்துதான்."

தேர்தலுக்கு ஒப்படைத்த பிஸ்டலை மாமா திரும்பி வாங்கவே இல்லை. லைசென்ஸையும் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டார். நானும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. ஆனால் அந்த ஒரு வாக்கியம் மட்டும் எங்கள் வீட்டில் தங்கிவிட்டது. தேடிக்கொண்டிருந்த கண்ணாடியின் மேலேயே நான் உட்கார்ந்தாலும் சரி, மறந்துபோன பால் அடுப்பில் பொங்கி வழிந்தாலும் சரி, "கெடச்சிடுச்சி மாப்ள" என்று எங்காவது ஒரு குரல் வரும். இப்போது என் மகளும் அப்படித்தான் சொல்கிறாள், பெற்ற அப்பனைப் பார்த்து.

யாராவது விருந்தாளி வந்தால் மாமாவே முழுக் கதையையும் சொல்வார். வால் முளைத்த மேகசின், மண் சலித்த டாக்டர், காக்கை, மொட்டை, ஒன்றையும் விடமாட்டார். நாற்காலி மட்டும் வராது. இத்தனை வருஷத்தில் ஒருமுறைகூட வந்ததில்லை. சுமதி ஒவ்வொரு தடவையும் புதிதாகக் கேட்பது போல் கண்ணில் நீர் வரச் சிரிப்பாள். அவள் சிரித்து ஓய்ந்ததும் அவர் என் பக்கம் திரும்புவார்.

"அவ்ளோதான மாப்ள நடந்துச்சி?"

"அவ்ளோதான் மாமா."