ஒற்றைக்கால் ராஜாவின் தீவு

தீவு அளவுக்கு மீறி அழகாக இருந்தது. உத்தமனுக்கு வந்த தலைவலியே அதுதான்.

வெள்ளை மணற்கரை, நடுவில் அரண்மனை, அதன் உச்சியில் ஊசிக் கோபுரம், கடைத்தெரு, மந்திரிகள், ஒரு பசுமாடு, வாசலில் விரல் உயரத்துக்கு ஒரு ராஜா. ஆவடி குவார்ட்டர்ஸ் வீட்டில், சாப்பாட்டு மேஜைமேல் அது உட்கார்ந்திருந்த லட்சணத்தைப் பார்த்து அவன் மனைவி வசந்தகுமாரி இடுப்பில் கை வைத்துக்கொண்டாள்.

“இதை அஞ்சாங்கிளாஸ் பிள்ளை செஞ்சுதுன்னு சொன்னா வனஜா மிஸ் நம்புவாங்களா?”

“அழகா இருக்கிறது ஒரு தப்பாடி?”

“கடையில வாங்கினதுன்னு எழுதி ஒட்டின மாதிரி இருக்கு.”

மகள் ஸ்வாதி தன் கையாலேயே ஒரு தீவு செய்துதான் வைத்திருந்தாள். பள்ளிக்கூடத்தில் கொடுத்த பிராஜெக்ட் அது: மந்திரத்தால் ஆட்சி நடக்கிற ஒரு தீவைச் செய்ய வேண்டும், அங்கே ஜனங்கள் எப்படி வாழ்கிறார்கள் என்று வகுப்பில் சொல்ல வேண்டும். கோதுமை மாவைப் பிசைந்து வாரம் முழுக்க உட்கார்ந்து செய்தாள். ஞாயிற்றுக்கிழமை காலையில் அதைக் காயவைக்கிறேன் பேர்வழி என்று வாசலில் கொண்டுபோய் வைத்தது உத்தமன். தெருவோடு போன மாடு ஒன்று கோட்டையில் ஆரம்பித்துக் கடல் வரைக்கும் தின்றுவிட்டுப் போனது. மனுஷன் சும்மா இருந்திருக்கலாம்.

ஸ்வாதி அழவில்லை. அதுதான் அவனுக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது. போன வருஷம் கடையில் வாங்கிய சூரியக் குடும்பத்தைக் கொடுத்து, சனிக் கிரகத்தின் அடியில் இருந்த கடை ஸ்டிக்கரால் மாட்டி, மொத்த வகுப்புக்கும் முன்னால் பூஜ்யம் வாங்கியவள் அவள்.

“இந்த வாட்டியும் பூஜ்யம் வாங்கினா நான் ஸ்கூலுக்கே போகமாட்டேன்பா” என்று மட்டும் சொன்னாள்.

உத்தமன் சேக்காட்டுக்கு ஓடினான். அங்கே யூசுப்பின் ஃபேன்சி ஸ்டோரில் பள்ளிக்கூடப் பிராஜெக்ட் எதைக் கேட்டாலும் கிடைக்கும்.

“தீவா? சோக்கா ஒண்ணு கீது சார். ஆர்டர் குடுத்தவரு வரவே இல்ல. நீங்க எடுத்துகினு போங்க.”

“நீயா செஞ்சே?”

“நமக்கு எங்க சார் அதெல்லாம் வரும். வெளிய குடுத்து வாங்கறது. வேலை சுத்தமா இருக்கும்.”

சுத்தமாக இருந்ததுதான் வினை. வனஜா மிஸ் வகுப்பு வாட்ஸ்அப் குரூப்பில் பேசி அனுப்பியிருந்ததை வசந்தகுமாரி மறுபடி போட்டுக் காட்டினாள்: “கடையில வாங்கினா பூஜ்யம்தான். எப்படின்னு கேக்காதீங்க, பார்த்த உடனே எனக்குத் தெரிஞ்சிடும்.”

“கொஞ்சம் கெடுத்து வைப்போம்” என்றான் உத்தமன். “பிள்ளை செஞ்ச மாதிரி ஆயிடும்.”

கோபுரத்தை லேசாகச் சாய்க்கப் பார்த்தான். அது மொத்தமாகக் கழன்று ராஜாவின் தலையில் விழுந்து, ராஜா இடுப்பிலிருந்து ஒரு காலை இழந்தார். உத்தமனுடையது ஃபேக்டரியில் ராணுவ டாங்கிக்குச் சக்கரம் மாட்டுகிற கை. அந்தத் தைரியத்தில் பசையை எடுத்தான். கால் ஒட்டியது. ஆனால் ராஜாவிடம் ஒட்டவில்லை, உத்தமனின் கட்டைவிரலில் ஒட்டியது.

“இழுங்க.”

“இழுத்தா தோலோட வருதுடி.”

கோபுரம் இருந்த இடத்து ஓட்டையை மறைக்கப் பெயின்ட் எடுத்தான். கட்டைவிரலில் ஒரு கால் முளைத்திருக்கும்போது டப்பாவை ஒழுங்காகப் பிடிக்க முடியுமா? நீலம் மொத்தமும் கவிழ்ந்தது. கடைத்தெரு மூழ்கியது. மந்திரிகள் நீலமானார்கள், ராஜா நீலமானார், உத்தமனின் கை மணிக்கட்டு வரைக்கும் நீலமானது. சோப்பு, எலுமிச்சை, சாம்பல், எதற்கும் அது போகவில்லை.

“போதும், இனிமே எதையும் தொடாதீங்க” என்றாள் வசந்தகுமாரி. அவளுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.

ஸ்வாதி மேஜையருகே வந்து தீவை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தாள்.

“இந்தத் தீவுல பொய் சொன்னா நீலமாயிடுவாங்கப்பா. அதுதான் மந்திரம்.”

“மந்திரிங்க எல்லாருமே நீலமா இருக்காங்களே?”

“மந்திரிங்கதானேப்பா.”

“மாடு மட்டும் வெள்ளையா இருக்கே?”

“அதுக்குப் பேசத் தெரியாது. ராஜாவோட காலைத் தின்னதே அதுதான், ஆனா யார் கேட்டும் பொய் சொல்லல.”

உத்தமனுக்கு, இவ்வளவு யோசிக்கிற பிள்ளையின் தீவை மாட்டுக்குப் போட்டுவிட்டோமே என்றிருந்தது.

மறுநாள் காலை வசந்தகுமாரி ஸ்கூட்டர் ஓட்ட, ஸ்வாதி முன்னால் நிற்க, உத்தமன் பின்னால் தீவை மடியில் வைத்துக்கொண்டு போனான். பள்ளிக்கூடத்தில் இறங்கியதும் தீவை மனைவியிடம் கொடுத்துவிட்டு வலது கையைப் பேன்ட் பைக்குள் விட்டுக்கொண்டான்.

வனஜா மிஸ் தீவைப் பார்த்தார். நெருங்கின சொந்தத்தில் யாருக்கோ அடிபட்ட சேதி கேட்டவர் மாதிரி அவர் முகம் வாடிப்போனது.

“அரண்மனைக்குக் கோபுரம் இல்லையா?”

“உயரமா கட்டினா ராஜா எல்லாரையும் குனிஞ்சு பார்ப்பாரு மிஸ். அதனால இந்தத் தீவுல கோபுரத்துக்குத் தடை” என்றாள் ஸ்வாதி. பொய் சொன்னால் நீலமாகிற சட்டத்தையும் கடகடவென்று சொல்லி முடித்தாள்.

“நல்ல சட்டம். இதை யார் செஞ்சது?”

ஸ்வாதி தலையைக் குனிந்துகொண்டாள்.

“அவளேதான் மேடம்” என்றான் உத்தமன். “நாங்க கிட்டயே போகல.”

“பையில இருந்து கையை எடுங்க சார்.”

எடுத்தான். நீலக் கை, அதன் கட்டைவிரலில் ராஜாவின் கால். ஸ்வாதியின் கண்ணில் தண்ணீர் கட்டிக்கொண்டது.

“மேடம், பிள்ளை செஞ்சதை மாடு தின்னுடுச்சு. என் தப்பு. இது நான் கடையில வாங்கினது. பூஜ்யத்தை எனக்குப் போடுங்க, அவளுக்கு வேண்டாம்.”

எந்தக் கடை என்று மிஸ் கேட்கவில்லை. “சட்டம் நீ யோசிச்சதுதானே ஸ்வாதி?” என்று மட்டும் கேட்டார். அவள் தலையாட்டியதும் பத்துக்குப் பத்து என்று எழுதி, “போய் உக்காரும்மா” என்றார். ஸ்வாதி நம்ப முடியாமல் அப்பாவைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனாள்.

பிறகு மிஸ் கைப்பையிலிருந்து நகப்பூச்சு அழிக்கிற மருந்துப் புட்டியை எடுத்தார். உத்தமனின் கட்டைவிரலில் ரெண்டு சொட்டு விட்டு, வலிக்காமல் காலைக் கழற்றி, ராஜாவின் இடுப்பில் ஒரே அழுத்தில் பொருத்தினார். ராஜா நிமிர்ந்து நின்றார். மிஸ் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

“இனிமே யூசுப் கடையில எடுத்தா, எடுத்த மாதிரியே கொண்டு வாங்க சார், இந்த ஒரு காலைச் செய்யவே எனக்கு ஒரு ஞாயித்துக்கிழமை முழுசாப் போச்சு.”