சித்தப்பாவின் கடைத் திறப்பும் என் வலது கையும்

எங்கள் ஆட்களுக்கு விளங்காத வேலை செய்கிறவன் வேலையில்லாதவன். பாரிஸில் பிறந்து வளர்ந்து, அமெரிக்காவில் பேஸ்போல் ஆடித் திரும்பிய பிறகுதான் இது எனக்கு உறைத்தது. அமெரிக்கா என்றால் தொலைக்காட்சியில் வரும் பெரிய அணிகள் இல்லை. அவற்றுக்குக் கீழே, அதற்கும் கீழே, சம்பளத்துக்கு ஆடுகிற ஒரு சின்ன அணி. பந்து எறிவது என் தொழில். அவர்கள் என்னை வீட்டுக்கு அனுப்பியதும், எங்கள் புறநகர்க் கழகம் ஒன்றில் பயிற்சியாளராகச் சேர்ந்தேன். கையெழுத்திட்ட கொந்திரா, அதாவது வேலை ஒப்பந்தம், மாதச் சம்பளம், விடுமுறை எல்லாம் உண்டு.

அம்மாவுக்கு அது கணக்கிலேயே இல்லை. "பெடியன் பந்து பொறுக்கித் திரியிறான்" என்று சொந்தக்காரருக்கு ஃபோன் எடுத்து அழுவார். பாரிஸின் தமிழ்க் கடைத்தெருவான லா ஷப்பலில் சித்தப்பா பலசரக்குக் கடை திறக்கிறார் என்றதும், அம்மாவே போய்ப் பேசி முடித்துவிட்டார். திறப்பு விழாவுக்கு மறுநாளிலிருந்து நான் கடையில் காசு வாங்கும் மேசையில் நிற்க வேண்டும். பேஸ்போலுக்கு முழுக்கு. நான் தலையாட்டிவிட்டேன். (மலைபோன்ற ஆட்களின் முகத்துக்கு நேரே பந்தெறிந்தவன்தான். அம்மாவுக்கு முன்னால் நாக்கு ஒட்டிக்கொள்ளும்.)

திறப்பு விழா அன்று சொந்தபந்தமெல்லாம் நடைபாதையில் கூடியிருந்தது. நானும் வேட்டி கட்டிக்கொண்டு நின்றேன். ஐயர் தேங்காயில் கற்பூரம் கொளுத்திச் சுற்றிவிட்டு, "ஆர் உடைக்கிறது?" என்று கேட்டார்.

சித்தப்பா என்னைக் காட்டினார். "இவனிட்டைக் குடுங்கோ ஐயா. அமெரிக்கா போய் எறியப் பழகினவனெல்லே? எறிஞ்சு காட்டட்டும்!"

எல்லோரும் சிரித்தார்கள். அம்மாவும் சிரித்தார். எனக்கு வந்ததே கோபம்!

தேங்காயை வாங்கிக்கொண்டு தெருவைக் கடந்து எதிர்ப்பக்கம் போனேன். "எங்கையடா போறாய்? இஞ்சை நிண்டு நிலத்திலை அடியடா!" என்று சித்தப்பா கத்தினார். நிலத்தில் அடிக்க ஊர் முழுக்க ஆள் இருக்கிறது. நான் தொழில் தெரிந்தவன். கடை வாசலில் இருந்த நடைபாதைக் கல்லுக்குக் குறிவைத்து, இடது காலைத் தூக்கினேன்.

ஒன்றை இங்கே தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். என் எறியில் பிழையில்லை. பிழை வேட்டியில். தூக்கிய கால் அகலமாக முன்னே விழ வேண்டும். வேட்டி அதைப் பாதியில் பிடித்துக்கொண்டது. தேங்காய் கல்லுக்கு மேலால், ஐயருக்குப் பக்கத்தால், கடைப் பெயரைப் பொன்னெழுத்தில் எழுதியிருந்த புதுக் கண்ணாடிக்கு நடுவால் உள்ளே போனது.

கண்ணாடி கடைசித் துண்டுவரை கொட்டி முடிந்தது. ஐயர் மெல்ல உள்ளே எட்டிப் பார்த்தார். மைசூர்ப் பருப்பு மூட்டையின் மேல் தேங்காய் குந்தியிருந்தது.

"தம்பி, தேங்காய் உடையேல்லை" என்றார்.

சித்தப்பா தெருவுக்குக் குறுக்கே என்னைப் பார்த்துக் கத்தினார். "இனி இந்தக் கடைப் படியிலை நீ கால் வைக்கப்படாது! உனக்கு இஞ்சை வேலையும் இல்லை, ஒண்டும் இல்லை!"

"ஐயோ, அப்ப இவன்ரை சீவியம்?" அம்மா தலையில் கைவைத்தார்.

அவிழ்ந்த வேட்டியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, நடுத்தெருவில் நின்று கத்தினேன். "எனக்கு வேலை இருக்கம்மா! பேஸ்போல் பழக்கிறன்! அதுதான் என்ரை வேலை, நான் விடமாட்டன்!" பின்னால் வந்த பஸ்காரன் நீளமாக ஹோர்ன் அடித்தான். (ஆமோதித்தான் என்றே எடுத்துக்கொண்டேன்.)

இன்றும் நான் பயிற்சியாளர்தான். சித்தப்பாவோடு சமாதானமாகிவிட்டது. நான் அமெரிக்காவில் ஆடியதை மற்றவர்களுக்குச் சொல்லவே கூச்சப்பட்ட மனிதர், இப்போது அரிசி வாங்க வருகிறவர்களை மறித்துவைத்துக் கதை சொல்கிறார். "என்ரை அண்ணையின்ரை மகன். காசுக்கு விளையாடினவன். தேங்காய் நூற்றிநாப்பது கிலோமீற்றர் வேகத்திலை வந்தது!" வருடாவருடம் வேகம் கூடுகிறது. போன பொங்கலுக்கு நூற்றியெழுபது. அந்த வேகம் என் கையில் இருந்திருந்தால் அமெரிக்காவில் என்னை வீட்டுக்கு அனுப்பியிருக்கவே மாட்டார்கள். நான் மறுக்கப் போகவில்லை. அம்மாதான் குறுக்கிட்டார்.

"நூற்றியெழுபதோ? குறைச்சுச் சொல்லாதைங்கோ தம்பி. நான் பாத்துக்கொண்டெல்லே நிண்டனான்!"